உவர்க்குடியாரின் அடைப்பு மாதங்கள்

கற்பனைக் கதைகளில் மௌனம் காக்கிறவர்கள் எல்லாரும் ஏன் மலை உச்சியிலேயே குடியிருக்கிறார்கள் என்று எனக்கு நெடுநாள் எரிச்சல். பனி பெய்யும். கல் மண்டபம் இருக்கும். போர்வை போர்த்த கிழவர்கள் வரிசையாக நடப்பார்கள், ஒருவர்கூட இருமமாட்டார். சோறு ஆக்கியது யார், விறகு கொத்தியது யார், நடுச்சாமத்தில் மாடு கன்று போட்டால் யாரை எப்படிக் கூப்பிட்டார்கள் என்பதெல்லாம் கதையில் வராது. மட்டக்களப்பில் பிறந்தவனுக்கு மலை என்றால் மேற்கே குடும்பிமலை, மிச்சமெல்லாம் தட்டை. வாவி, வயல், கடல். இந்தத் தட்டை நிலத்தில் ஒரு மௌன மதத்தை நட்டுப் பார்ப்போமே என்ற வீம்பில்தான் உவர்க்குடியாரை எழுதத் தொடங்கினேன்.

உவர்க்குடியார் என் தொடர்கதைக்கு வெளியே எங்கும் இல்லை. அவர்களுக்கு வரலாறு கிடையாது, கல்வெட்டுக் கிடையாது. வாசித்த சிலர் “அந்த அடைப்பு மாதம், செவியாள், கூறுகுடி எல்லாவற்றையும் ஒரே இடத்தில் சொல்லு” என்று கேட்டதால் இந்தப் பதிவு.

எல்லாம் ஆத்துவாயில், வாவி கடலில் சேரும் இடத்தில், தொடங்குகிறது. பாலமீன்மடுப் பக்கம் முகத்துவாரத்துக்குப் போனவர்களுக்குத் தெரியும். மாரி ஓய்ந்து வாவித் தண்ணீர் இறங்கினால், கடல் தன் பாட்டில் மண்ணைக் கொண்டுவந்து கொட்டி வாயை அடைத்துவிடும். கோடையில் பார்த்தால் இந்தப் பக்கம் ஆறு, அந்தப் பக்கம் கடல், நடுவில் வெறும் மணல். வடகீழ்ப் பருவமழை கொட்டி, வாவிக்கு மேற்கே படுவான்கரை வயல்களும் பள்ளத்து ஊர்களும் தண்ணீரில் நிற்கத் தொடங்கியதும் அந்த மண்ணை வெட்டி விடவேண்டும். வெட்டுவது ஒரு வாய்க்கால் அளவுதான். தண்ணீர் ஒருதரம் வழி கண்டுவிட்டால், மிச்சத்தை அதுவே அரித்துக்கொண்டு போகும். மண் வெட்டும் பெக்கோ இயந்திரம் நின்ற இடத்தைத் தண்ணீர் விழுங்குவதைப் பார்த்துக்கொண்டு நிற்கும் சனத்தின் முகத்தில் ஒரு பயமும் ஒரு கொண்டாட்டமும் சேர்ந்து இருக்கும்.

உவர்க்குடியாரின் நாடும் இப்படி ஒரு வாவியைச் சுற்றித்தான். வாய் அடைபட்ட நாளிலிருந்து வெட்டும் நாள்வரை அவர்களுக்கு அடைப்பு. அந்த மாதங்களில் வாவிக்குள் விழுந்தது எதுவும் கடலுக்குப் போகாது. சேறு, உப்பு, பாசி, சொல் எல்லாம் உள்ளேயே தங்கும். அவர்களுடைய தெய்வத்தின் பெயர் கேட்பாள். அவள் பேசமாட்டாள், வரம் தரமாட்டாள், தண்டிக்கவும் மாட்டாள். கேட்பாள், அவ்வளவுதான். கரையில் யார் எதைச் சொன்னாலும் அது அவள் காதில் ஏறிப் பாரமாகும். வாய் திறந்திருக்கும் மாரியில் அந்தப் பாரத்தைக் கடலில் இறக்கிவிடுவாள். கோடையில் இறக்க இடமில்லை. ஆகவே மனிதர்கள் அவள்மேல் இரக்கப்பட்டு வாயைக் கட்டுகிறார்கள்.

இந்தக் கடைசி வரியில்தான் அவர்களுடைய தத்துவம் முழுவதும் தொங்குகிறது. மௌனம் அவர்களுக்கு ஞானம் அடையும் வழி இல்லை, மனத்தை ஒடுக்கும் யோகமும் இல்லை. தெய்வத்துக்குச் செய்கிற உபகாரம். இப்படி ஒரு தெய்வத்தை வேறு எங்கேயும் உட்கார்ந்து எனக்கு யோசிக்க வந்திராது. கல்லடிப் பாலத்தடியில் பறுவ இரவில், முழுநிலவில், தோணியை நிறுத்தி, துடுப்பான சவளைத் தண்ணீருக்குள் இறக்கி, மேல்முனையில் காதை வைத்து மீன் பாடுவதைக் கேட்கிற ஊர் இது. 1848இல் இங்கு வந்த குடியேற்ற நாட்டுச் செயலாளர் எமர்சன் டெனன்ட் இரவில் வள்ளத்தில் போய்க் கேட்டுவிட்டு, கேட்டதை எழுதியும் வைத்தார். பாடுகிறது மீனா, சிப்பியா, வேறு ஏதுமா என்று இன்றைக்கும் வாக்குவாதம் நடக்கும். எனக்கு அந்த வாக்குவாதத்தைவிட, தடிமுனையில் காது வைத்துக் குனிந்திருக்கும் மனிதனின் முதுகுதான் முக்கியம். நான் செய்ததெல்லாம் திசையை மாற்றியது. தண்ணீர் நம்மைக் கேட்டால் என்ன?

கேட்கிற ஒன்று பக்கத்தில் இருக்கிறது என்ற எண்ணம் எங்கள் வயலிலும் உண்டு. களவெட்டி என்கிற நெற்களத்தில் சூடு போட்டு நெல் பிரிக்கும் காலத்தில் நெல்லை நெல் என்று சொல்லக் கூடாது, பொலி என்றே சொல்லவேண்டும். கடகம் அங்கே பெருவாயன். மரைக்கால் கணக்கன். வழக்கமான பெயரைச் சொன்னால் பூதங்களுக்கு விளங்கிவிடும், வந்து பொலியை அள்ளிக்கொண்டு போய்விடும் என்பது நம்பிக்கை. சிங்களக் கமக்காரரின் களத்திலும் இப்படித் தனிப் பேச்சு இருந்திருக்கிறது. இப்போது வெட்டு மெசின் வயலுக்குள் இறங்கி நெல்லைச் சாக்கில் ஏற்றிவிடுவதால் பூதத்துக்கு நேரமே காணாது. இருந்தாலும் இதிலிருந்து எனக்குக் கிடைத்தது பெரிய உதவி. மனிதர் முற்றாகப் பேசாதிருந்த சமூகம் எங்கும் இல்லை. எதைச் சொல்லக் கூடாது, எங்கே, யார் காதில் விழக் கூடாது என்பதைத்தான் அவர்கள் காத்திருக்கிறார்கள். உவர்க்குடியாருக்கும் அடைப்பில் எல்லாப் பேச்சும் தடை இல்லை. வளவுக்குள், கூரைக்குக் கீழே, தணிந்த குரலில் பிள்ளையைத் தாலாட்டலாம், நோயாளியிடம் கேட்கலாம். தண்ணீர் தெரியும் இடத்தில் மட்டும் வாய் திறக்கக் கூடாது. தட்டை நிலத்தில் எங்கே நின்றாலும் தண்ணீர் தெரியும் என்பது வேறு விசயம்.

இனிச் செவியாள், ஊருக்காகத் தன் வாயைக் கட்டிக்கொள்கிறவள். மண்டூர் முருகன் கோயிலைப் பார்த்தவர்கள் உடனே பிடித்துவிடுவார்கள். அங்கே கதிர்காம முறை. பூசாரியான கப்புகனார் வாயை வெள்ளைத் துணியால் கட்டிக்கொண்டு பூசை செய்வார், மந்திரம் ஓதமாட்டார், திரைக்குப் பின்னால் நடப்பது யாருக்கும் தெரியாது. குருமண்வெளித் துறையில் பாதை என்கிற மிதவைப் படகு ஏறி அக்கரை போய் இறங்கி, சனத்துக்குள் நின்று சின்ன வயதில் நான் பார்த்தது திரையைத்தான். ஆனால் திரைக்கு இந்தப் பக்கம் என்ன அமைதியா? மணி, பறை, அரோகரா, தொலைந்த பிள்ளையைத் தேடும் ஒலிபெருக்கி, கச்சான் கடைக்காரர். அத்தனை இரைச்சலுக்கு நடுவில் ஒரே ஒரு வாய் மட்டும் கட்டியிருக்கிறது. மலை உச்சிக் கிழவர்களிடம் இல்லாத கனம் அதில் இருந்தது. சுற்றிவரச் சத்தம் இருந்தால்தான் ஒருவருடைய மௌனம் வேலையாகத் தெரியும்.

என் செவியாள் பெண். எங்கள் ஊர்க் குடிமுறை தாய்வழியில் போவதால் இதுவும் அப்படியே போகிறது, தாயிடமிருந்து மகளுக்கு. கோடையில் ஆத்துவாயில் மணல் கூடிய பிறகு அவள் ஒரு கரையிலிருந்து மறுகரைக்கு நடப்பாள். குதிக்கால் நனையாமல் போய்ச் சேர்ந்தால் அடைப்புத் தொடங்கிவிட்டது. நனைந்தால் ஊர் திரும்பிப் போய் இன்னும் ஒரு கிழமை சத்தமாகச் சண்டை பிடிக்கலாம். நடந்து முடித்ததும் மஞ்சளும் உப்பும் கரைத்த தண்ணீரில் ஒரு முழத் துணியைத் தோய்த்து, பிழிந்து, தானே தன் வாயைக் கட்டிக்கொள்வாள். முடிச்சுப் போடும் கை அவளுடையதாகவே இருக்கவேண்டும். தலைமயிர் முடிச்சில் சிக்கினாலும், துணி நழுவினாலும், யாரும் உதவக் கூடாது. வயதான செவியாள் ஒருத்திக்குக் கை நடுங்கி முடிச்சு விழாமல் ஊரே வெயிலில் காத்துநிற்கும் காட்சி முதல் பாகத்தில் வரும். மற்ற வீடுகளில் வாயில் கட்டுவதில்லை, அதே துணியின் துண்டு ஒன்று வாசல் நிலையில் தொங்கும்.

பிறர் வாயைக் கட்டுவது அவர்கள் நாட்டில் கொலைக்கு அடுத்த குற்றம். “வாயை மூடு” என்று சொல்வதும் அதே வரிசையில்தான் வரும். இதைக் காத்தான்குடிக் கூட்டாளி ஒருவனிடமிருந்து எடுத்தேன். வெள்ளிக்கிழமை ஜும்ஆவில் குத்பா நடக்கும்போது பேசக் கூடாது என்பது எனக்குத் தெரியும். பக்கத்தில் இருப்பவன் பேசினால் “பேசாதே” என்று அவனுக்குச் சொல்வதும் வீண்பேச்சில் சேரும் என்பது அவன் சொல்லித்தான் தெரியும். கேட்டவுடன் எனக்கு உடம்பு சிலிர்த்தது. பள்ளிக்கூடங்களில் மேசையில் பிரம்பால் அடித்து ‘சைலன்ஸ்’ என்று கத்துகிற ஆசிரியர்களை நினைத்துச் சிரிப்பும் வந்தது. மௌனத்தை ஏவ முடியாது, தன் வாயில் மட்டுமே அதைச் செய்யலாம் என்ற ஒரு விதி போதும், ஒரு நாகரிகத்தையே கட்டலாம்.

பாலித் தீவில் ஞெப்பி என்று ஆண்டுக்கொரு மௌன நாள் இருக்கிறது. அன்று விமான நிலையமும் மூடும், தெருவில் வாகனம் ஓடாது, வெளிச்சம் போடக் கூடாது. அதைப் படித்தபோது நான் தேடியது அந்த நாளில் வேலை செய்கிறவர்களை. பெச்சலாங் என்ற ஊர்க் காவலர்கள் தெருத்தெருவாகச் சுற்றி வருகிறார்கள். காந்தி திங்கட்கிழமைகளில் பேசமாட்டார், துண்டுக் காகிதத்தில் எழுதிக் கொடுப்பார். மெஹர் பாபா 1925 ஜூலையில் பேச்சை நிறுத்தியவர், 1969இல் கண் மூடும்வரை பேசவில்லை. பல ஆண்டுகள் ஓர் எழுத்துப் பலகையில் அவர் விரல் ஓட, பக்கத்தில் இருந்தவர்கள் வாசித்துச் சொன்னார்கள். ஒருவர் பேசாதிருக்க இன்னொருவர் பேசவேண்டியிருக்கிறது. பக்திக் கதைகளில் இந்த இரண்டாவது ஆளுக்குப் பெயர் இருப்பதே அபூர்வம்.

அவருக்குத்தான் நான் ஒரு குடி கொடுத்தேன். ஒவ்வோர் அடைப்புக்கும் ஒரு குடி மௌனத்திலிருந்து விலக்கி வைக்கப்படும். அவர்கள் கூறுகுடி. மற்ற எல்லாருக்காகவும் அவர்கள் பேசவேண்டும். சாவு சொல்வது, மருத்துவிச்சியைக் கூப்பிடுவது, தோணிக்குக் குரல் கொடுப்பது, சந்தையில் விலை சொல்வது எல்லாம் அவர்கள் பாடு. இது மரியாதை என்று சமயம் சொல்லும், தொல்லை என்று அந்தக் குடிப் பெண்கள் சொல்வார்கள். தொண்டை கட்டிப்போன ஒரு கிழவி பின்னேரத்தில் திண்ணையில் இருந்து, “உங்கட புண்ணியமெல்லாம் என்ட தொண்டையாலதான் போகுது” என்று ஊரைத் திட்டுவாள். எழுதியதில் எனக்கு மிகப் பிடித்த பாத்திரம் அவள்தான். அவளுக்குப் பதில் சொல்ல ஒருவருக்கும் முடியாது, எல்லாரும் விரதம்.

காது கேளாத ஒரு பொடியனும் வருகிறான். அடைப்பில் ஊர் முழுக்கக் கைச்சைகைக்கு மாறிவிடுவதால் அவனுக்குப் பொற்காலம் என்று வாசகர்கள் எதிர்பார்த்தார்கள். அவனுக்கோ அது வருசாவருசம் வரும் தலையிடி. ஊராரின் சைகை அத்தனை மோசம். மீன் கேட்கப் போய் மாட்டைக் கேட்கிறார்கள். அவன் முகத்தைத் திருப்பிக்கொண்டு போய்விடுகிறான்.

இதுவரை சொன்னதெல்லாம் எழுதச் சுகமான பகுதி. ஆனால் இந்த மாவட்டத்தில் இருந்துகொண்டு மௌனத்தைப் புனிதம் என்று எழுதக் கை கூசும். எங்கள் தலைமுறைக்கு மௌனம் வேறு உருவத்திலும் தெரியும். போர்க்காலச் சுற்றிவளைப்பு நாட்களில் படையினர் சனத்தை மைதானத்துக்கு வரச்சொல்வார்கள். வரிசையில் நிற்கவேண்டும். முன்னால் ஒருவர் இருப்பார், தலையில் சாக்கு, கண்ணுக்கு இரண்டு ஓட்டை. தலையாட்டி, ஆள் காட்டிக்கொடுப்பவர். அவர் ஒரு சொல்லும் பேசமாட்டார். மூச்சு இழுக்கும்போது சாக்கு உள்ளே ஒட்டும், விடும்போது புடைக்கும், அது ஒன்றுதான் அசைவு. வரிசை நகரும். தலை ஆடினால் அந்த ஆளை இழுத்து மற்றப் பக்கம் இருத்துவார்கள். என் முறை வரும்வரை அந்தச் சாக்கின் அசைவையே பார்த்துக்கொண்டு நின்ற பொடியன் நான். என் மாமா முறையான ஒருவர் மற்றப் பக்கம் போனார். அதற்குப் பிறகு அவரைப் பற்றி வீட்டில் தணிந்த குரலில்தான் கதை, அதுவும் பிள்ளைகள் படுத்த பிறகு.

மண்டூரில் வாயைக் கட்டிய துணியும் மைதானத்தில் தலையை மூடிய சாக்கும் ஒரே மாவட்டத்துச் சாமான்கள். இரண்டுக்கும் என் கதையில் இடம் வேண்டும். இல்லாவிட்டால் நானும் மலை உச்சிக் கிழவர்களுக்குக் கடல்கரைச் சட்டை போட்டுவிட்ட கணக்குத்தான். காந்தி பூங்காவில் காணாமற்போன பிள்ளைகளின் படங்களை வைத்துக்கொண்டு தாய்மார் இருந்த நாட்களில், நான் அந்த வழியால் சைக்கிளில் போயிருக்கிறேன். அவர்கள் கேட்டது ஒன்றே ஒன்று. எங்கே என்று சொல்லுங்கள். பதில் தரவேண்டியவர்கள் காத்த மௌனத்தை எந்தச் சமயத்தில் சேர்ப்பது?

அதனால் உவர்க்குடியாரின் விதிகளில் மற்ற எல்லாவற்றுக்கும் மேலே ஒன்றை எழுதிவைத்தேன். காணாமற்போனவரைப் பற்றிக் கேட்டால், தெரிந்தவர் பேசியே ஆகவேண்டும். அடைப்பில் இருந்தாலும், தண்ணீருக்குள் நின்றாலும், செவியாளாக இருந்தாலும். அந்தக் கேள்வி கேட்கப்பட்டால் அவள் தன் கையால் கட்டிய துணியைத் தன் கையாலேயே அவிழ்த்துச் சொல்லவேண்டும். சொல்லாமல் துணிக்குப் பின்னால் நிற்கிறவளின் மௌனத்தைக் ‘கேட்பாள்’ கேட்கமாட்டாள் என்பது அவர்கள் நம்பிக்கை. தெய்வத்தின் காதில் விழாத ஒரே மௌனம் அது. இரண்டாம் பாகத்தின் கதை முழுதும் இந்த ஒரு விதியில் ஓடுகிறது. ஒரு தாய் கேட்கிறாள், செவியாளுக்குத் தெரியும், செவியாள் முடிச்சில் கை வைக்கிறாள், எடுக்கிறாள், மறுபடி வைக்கிறாள். எட்டுப் பக்கம் அந்தக் கை.

திறப்பு நாளுக்கு வருவோம். அதற்கு வைகாசிச் சடங்கு எனக்கு வழிகாட்டி. எங்கள் கண்ணகை அம்மன் கோயில்கள் பலவற்றில் திருக்கதவு வருசத்துக்கு ஒருதரம் திறக்கும். அந்த நாட்களில் காவியம் பாடுவார்கள், கல்யாணக்கால் நாட்டுவார்கள், முடிவில் குளிர்த்தி. மதுரையை எரித்துவிட்டு வந்தவளின் சூட்டை ஆற்றிக் குளிரப்பண்ணி அனுப்பவேண்டும். கோபக்காரத் தெய்வத்தை ஆற்றுவதற்கு ஊர் கூடுகிற அந்த முறையில் எனக்கு எப்போதும் மயக்கம். உவர்க்குடியாரின் கேட்பாளுக்கும் கதவு உண்டு. உள்ளே சிலை இல்லை, வாவித் தண்ணீர் நிறைத்த ஒரு பானை மட்டும். மாரி வந்து மண் வெட்டும் அன்று பானையைத் தூக்கிக்கொண்டு ஆத்துவாய்க்குப் போவார்கள். முதல் மண்வெட்டி விழுந்ததும் ஒவ்வொருவரும் அடைப்பு மாதங்களில் தாங்கள் சொல்லாமல் வைத்திருந்த ஒரு பேச்சைச் சொல்லலாம். தெய்வத்திடம் சொல்லக் கூடாது, உரியவரின் முகத்துக்கு நேரே சொல்லவேண்டும். அன்று சொன்னதற்கு வழக்கில்லை, பழியில்லை.

கேட்க அழகாக இருக்கும். எழுதிப் பார்த்தால் அது ஒரு நாள் முழுக்கச் சண்டை. வெட்டிய வாயால் வாவி கடலுக்குள் இரைந்து பாய, கரையில் மூவாயிரம் பேர் ஒரே நேரத்தில் ஒருவரையொருவர் பிடித்துவைத்து மாதக்கணக்கான வயிற்றெரிச்சலைக் கொட்டுகிறார்கள். ஒருவன் தமையனிடம் காணி எல்லையைப் பற்றிக் கத்துகிறான். ஒருத்தி புருசனிடம் உன்னை எனக்குப் பிடிக்கவேயில்லை என்கிறாள். தண்ணீரின் இரைச்சலில் பாதி பேருக்கு எதிரில் நிற்பவர் சொன்னது விளங்கவில்லை. கேட்டுவிட்டதாகத் தலையாட்டிவிட்டுப் போகிறார்கள். சடங்கு நிலைத்திருப்பதே அந்த இரைச்சலால்தான் என்பது என் துணிபு.

கையெழுத்துப் பிரதியை முதலில் வாசிப்பது வீட்டில் என் மனைவி. கேட்பது மாமி. ஊர் வழக்கப்படி கலியாணம் முடித்த நாளிலிருந்து நான் அவர் வீட்டில்தான் இருக்கிறேன், ஆகவே விமர்சனத்துக்கும் அவருக்கு உரிமை உண்டு. மீன்காரக் குடும்பம், வலைக்கணக்கு, சீட்டுக்கணக்கு எல்லாம் விரல் நுனியில். திறப்பு நாள் அத்தியாயத்தை மகள் வாசிக்கக் கேட்டுக்கொண்டு இறால் உரித்தவர், முடிந்ததும் ஓடுகளை ஒதுக்கிவிட்டுச் சொன்னார்:

“இஞ்ச பாருங்க மருமகன், இத்தின மாசம் ஒருத்தரும் கதையாட்டி வட்டிக்காரனுக்குத்தான் நல்லம். குடுத்தவன் வாய் தொறக்கத் தேவல்ல, வட்டி தன்ட பாட்டுல ஏறும். வாங்கினவள் தவணை கேக்கிறதெண்டா வாயாலதானே கேக்கணும்?”

நான் கூறுகுடி இருக்கிறதே, அவர்கள் போய்க் கேட்பார்கள் என்றேன்.

“கடன் கேக்க ஊருக்குச் சொல்லிப் போவாளா ஒருத்தி?”

பதில் இல்லை. கிழக்கில் நுண்கடன் எத்தனை வளவுகளின் கதவைத் தட்டியது என்று தெரிந்தவர் பேசுகிறார், நான் தத்துவம் எழுதுகிறேன். சரி, அடைப்பில் வட்டி ஓடாது என்று ஒரு விதி போடுவோம் என்றேன். மனைவிக்குப் பிடித்தது. மாமிக்குப் பிடிக்கவில்லை. வட்டி ஓடாது என்றால் கோடையில் ஒருவனும் காசு தரமாட்டான், அந்த மாதத்தில் வலை கிழிந்தால் உன்ட செவியாளா தைச்சுத் தருவாள் என்று மகளிடம் கேட்டார். இருவரும் அதில் நின்று இரண்டு இரவாக வாக்குவாதம். வட்டி ஓடுமா, நிற்குமா, பாதி ஓடுமா என்று முடிவாகாததால் மூன்றாம் பாகம் பிந்துகிறது. கடன் கொடுத்துப் பழக்கம் உள்ளவர்கள், வாங்கிப் பழக்கம் உள்ளவர்கள் யாராவது ஒரு வழி இருந்தால் எழுதுங்கள், மாமிக்கு வாசித்துக் காட்டுகிறேன்.